வாயைப் பொத்திய கல்

ரொம்ப ரொம்பக் காலத்துக்கு முன்னால், ஜெர்மன் தேசத்து ஆற்றங்கரை ஒன்றில் எர்லென்பூர்க் என்று ஒரு சின்ன ஊர் இருந்தது. ஊர் என்றால் நாற்பது வீடு, ஒரு தேவாலயம், சுற்றிலும் மதில், மதிலில் ஒரே ஒரு வாசல். ஆனால் அங்கே ஒரு சட்டம் இருந்தது. யாராக இருந்தாலும் சரி, மதிலுக்குள் ஓர் ஆண்டும் ஒரு நாளும் தங்கிவிட்டால், அப்புறம் யாருக்கும் அடிமை இல்லை.

எதிர் மலையில் ஒரு மந்திரவாதிப் பிரபு இருந்தான். அவன் கண்ணைப் பார்த்தால் போதும், அவனுடைய பண்ணையாட்களின் கால் தானாக அவன் பின்னால் நடக்கும். அந்தப் பண்ணையிலிருந்து இர்மெல் என்ற பெண் ஓடிவந்தாள். ஓடச் சொன்னவள் அவள் அம்மா ஊட்டா.

"ரெண்டு பேரும் ஓடினா ரெண்டு பேரும் மாட்டுவோம். நீ போடி," என்று மகள் மடியில் பாதி வெந்த கிழங்கு ஒன்றை வைத்துத் தள்ளிவிட்டாள்.

மதிலுக்குள் வந்ததும் இர்மெல் சுவரில் சாய்ந்து மூச்சு வாங்கினாள். "சும்மா நில்லு பொண்ணே, மதில் நீ தாங்காட்டியும் நிக்கும்," என்றார் வாசல்காவலர் ஹென்னிங்.

பிரபு விடுவானா? வசந்தத்தில் வாசலுக்கு வெளியே அவள் வளர்த்த ஆட்டின் குரலில் கத்தினான்.

"அந்த ஆட்டைப் போன வருஷமே தின்னுட்டீங்களே பிரபுவே!" என்றாள் இர்மெல்.

வெளியே சிரிப்புக் கேட்டது. "உள்ளே இருந்தால் நீ உனக்கு. வெளியே வந்தால் நீ எனக்கு."

அறுவடைக் காலத்தில் அம்மாவின் குரலில் வந்தான். "இர்மெல், கண்ணு, கால் ஒடிஞ்சு கிடக்கேன், வந்து தூக்குடி."

அவள் கை தாழ்ப்பாளுக்குப் போய்விட்டது. ஹென்னிங் பிடித்துக்கொண்டார். "கண்ணைப் பார்த்தா தொலைஞ்சே. அம்மாவுக்கு மட்டும் தெரிஞ்சது எதையாவது கேளு."

"நான் கிளம்பினப்போ மடியில என்ன வச்சே?"

"தேன் ரொட்டி, கண்ணு."

அவள் கையை எடுத்துவிட்டாள். வெளியே சிரிப்பு. "உள்ளே இருந்தால் நீ உனக்கு. வெளியே வந்தால் நீ எனக்கு."

கடைசி நாள் வந்தது. மாலை மணி அடித்தால் கெடு முடிந்தது. மத்தியானம், கொட்டும் பனியில், மறுபடியும் அம்மாவின் குரல். "இர்மெல்." அவ்வளவுதான்.

"மடியில என்ன வச்சே?"

"பட்டுத் துணி," என்றது குரல் மெதுவாக.

"போய்யா! இன்னும் எத்தனை வேஷம் போடுவே?" என்று கத்தினாள் இர்மெல்.

இந்த முறை வெளியே யாரும் சிரிக்கவில்லை. அதை அவள் கவனிக்கவில்லை.

மணி அடித்தது. கதவைத் திறந்துகொண்டு துள்ளி ஓடினாள். வாசலில் ஒரு கல் நின்றது. கூன் விழுந்த முதுகு, முடிச்சுப் போட்ட தலைத்துணி. ஊட்டா. வலது கையால் தன் வாயைத் தானே இறுகப் பொத்தியிருந்தாள்.

ஹென்னிங் தொப்பியைக் கழற்றினார். "உன்னைக் கூட்டிட்டு வராட்டி கல்லாக்கிடுவேன்னு சொல்லி பிரபு அனுப்பியிருப்பான்."

"அம்மாவுக்குப் பதில் தெரியுமே ஐயா!"

"தெரிஞ்சதாலதான் தப்பாச் சொல்லிட்டு வாயைப் பொத்தியிருக்கா."

இர்மெல் கல்லில் கயிறு கட்டி உள்ளே இழுத்தாள். "கல்லுக்கு எதுக்கு ஊருக்குள்ள இடம்?" என்று சிலர் சிரித்தார்கள்.

"சட்டத்துல 'யாராக இருந்தாலும்'னுதானே இருக்கு? எங்கம்மாவும் ஓர் ஆண்டும் ஒரு நாளும் இருக்கட்டும்."

தினமும் பனியைத் துடைத்தாள். தினமும் ஊர்க்கதை சொன்னாள். தினமும், "நான் நம்பலையே அம்மா," என்று அழுதாள்.

ஓர் ஆண்டும் ஒரு நாளும் கழித்து மணி அடித்தபோது, முதலில் வாயிலிருந்து கை இறங்கியது. "பசிக்குதுடி," என்றாள் ஊட்டா.

ஆனால் கல்லின் குளிர் அவள் எலும்பை விட்டுப் போகவில்லை. மூன்று மாதம்தான் இருந்தாள். சொந்தக் கட்டிலில், மகள் கையைப் பிடித்தபடி, யாருக்கும் அடிமையாக இல்லாமல் செத்தாள்.

கல்லுக்கே விடுதலை கிடைத்ததைக் கேட்டு, பண்ணையாட்கள் ஒருவர் பின் ஒருவராக மலையிறங்கி வந்தார்கள். ஊர் நானூறு வீடானது. மலையில் பிரபு தனியாகக் கிடந்தான். ஹென்னிங்குக்குப் பிறகு வாசலைக் காத்தவள் இர்மெல். யார் கூப்பிட்டாலும் முதலில் கதவைத் திறப்பாள். அடுப்பருகே உட்கார வைத்த பிறகுதான் பேரையே கேட்பாள்.

"மந்திரவாதி வந்து நின்னா என்ன பண்ணுவே?" என்று ஊரார் கடிந்துகொள்வார்கள்.

"உள்ளே விட்டுட்டுத் திண்டாடிக்கிறேன்," என்பாள் இர்மெல். "வெளியே நிக்க வச்சது ஒரு தடவை போதும்."