வால்காவல் அணிலும் நிற்காத இயந்திரமும்

ஒரு காட்டில், குயில்கூடக் கூவத் தயங்கும் ஓர் ஓடைக்கரையில், மருதையன் என்ற நரியின் கொட்டை ஆலை இருந்தது. அங்கே நாற்பது அணில்கள் வாதாங்கொட்டை உடைத்துவந்தன. முப்பத்தொன்பது அணில்கள் கல் உருளையைத் தள்ளும். பொன்வரி என்ற அணில் மட்டும் ஓரமாக நின்று, மற்றவர்களின் வாலையே பார்த்துக்கொண்டிருக்கும். யாருடைய வாலாவது உருளைக்கு அருகே போனால் "வால்!" என்று கத்தும். உடனே உருளை நின்றுவிடும். அந்த வேலைக்கு வால்காவல் என்று பெயர்.

ஒரு நாள் மருதையன், மனிதர்கள் எப்போதோ கைவிட்டுப்போன பாழடைந்த கட்டடத்திலிருந்து ஓர் இரும்பு இயந்திரத்தை இழுத்துவந்தது. அதன் சக்கரம் ஓடையில் இறங்கியதும், யாரும் தொடாமலே பற்கள் சுழலத் தொடங்கின. உள்ளே ஏதோ மூச்சுவிடுவது போலக் கேட்டது. பொன்வரிக்கு உடம்பெல்லாம் சிலிர்த்தது. பழக்கதோஷத்தில் இயந்திரத்தின் வாலைத் தேடியது. அதற்கு வாலும் இல்லை, முகமும் இல்லை.

"நாளையிலிருந்து நீங்கள் யாரும் வர வேண்டாம்" என்றது நரி.

அணில்கள் சங்கமாகக் கூடி ஆலை வாசலை மறித்தன. நரி நீதிமன்றத்தில் மனுப் போட்டது.

நீதிபதி ஓர் உடும்பு. அது பிடித்த பிடியை விடாது. சொன்ன உத்தரவையும் மாற்றாது.

"இயந்திரமே வேண்டாம் என்று நாங்கள் சொல்லவில்லை ஐயா" என்றது பொன்வரி. "அதை நிறுத்தத் தெரிந்தவர்கள் பக்கத்தில் இருக்க வேண்டும். எங்களுக்கும் பிழைப்பு வேண்டும்."

மருதையன் வாய்விட்டுச் சிரித்தது. "கேட்டீர்களா? இத்தனை வருடமும் வேடிக்கை பார்த்தே வயிறு வளர்த்த அணில் இது! இயந்திரத்துக்கு ஏது வால்? அதற்குக் காவல் எதற்கு? இவர்கள் ஆலைப் பக்கமே தலைகாட்டாதபடி தடை போடுங்கள்."

உடும்பு நாக்கை ஒருமுறை நீட்டி இழுத்தது. "ஆலையிலிருந்து நூறு அடிக்குள் எந்த அணிலும் கால் வைக்கக் கூடாது. வைத்தால் சங்கத்தார் எல்லோரும் குடும்பத்தோடு காட்டைவிட்டு வெளியேற வேண்டும். மனுப் போட்டவர் நேரில் வந்து கேட்டாலொழிய இந்தத் தடை நீங்காது."

நூறாவது அடியில் சுண்ணாம்புக் கோடு விழுந்தது. உடும்பே அதற்குக் காவலிருந்தது. அணில்கள் தினமும் கோட்டுக்கு வெளியே நின்று கோஷம் போட்டன. இயந்திரத்தின் இரைச்சலில் அது உள்ளே எட்டவே இல்லை. நாளடைவில் மைனாக்கள் பறந்துபோயின. சில்வண்டும் அடங்கிவிட்டது. காட்டில் அந்த ஒரு சத்தம் மட்டுமே மிஞ்சியது.

ஒரு நண்பகலில், திறந்த கதவுக்கு எதிரே, இயந்திரத்துக்கு முதுகைக் காட்டி உட்கார்ந்திருந்தது மருதையன். முன்னால் பருப்பு மலையாகக் குவிந்திருந்தது. பெருமையில் அதன் வால் இப்படியும் அப்படியும் ஆடியது.

பொன்வரியின் கண் வேறெங்கே போகும்? வாலுக்கும் பற்களுக்கும் நடுவே ஒரு சாண்தான் இருந்தது.

"வால்!" என்று அலறியது. வேலை போன ஆத்திரமெல்லாம் அந்த நொடியில் மறந்தே போனது. நாற்பது அணில்களும் சேர்ந்து கத்தின, கையை ஆட்டின, எகிறிக் குதித்தன.

மருதையன் நிமிர்ந்து பார்த்தது. திறந்து மூடும் வாய்கள்தான் தெரிந்தன. "கோஷமா? தொண்டை கிழியக் கத்துங்கள்!" என்று சொல்லி, அவர்களுக்கு எரிச்சலூட்டுவதற்காகவே வாலை இன்னும் உயர்த்தி ஆட்டிக் காட்டியது.

பற்கள் அவசரமே இல்லாமல் அதைப் பற்றி இழுத்தன. மருதையன் ஊளையிட்டது. அந்த ஊளையும் யாருக்கும் கேட்கவில்லை.

கோட்டருகே காவலிருந்த உடும்பிடம் பொன்வரி ஓடியது. "ஐயா, நாங்கள் சேர்ந்து சக்கரத்தை ஓடையிலிருந்து தூக்கினால் நின்றுவிடும்! தடையை நீக்குங்கள்!"

உடும்பு கண் இமைக்காமல் பார்த்தது. "மனுப் போட்டவர் நேரில் வந்து கேட்கட்டும்."

பொன்வரி முன்னங்காலைக் கோட்டின் மேல் தூக்கியது. பின்னால் முப்பத்தொன்பது குடும்பங்கள் மூச்சைப் பிடித்துக்கொண்டு நின்றன. தூக்கிய காலை முன்னே வைக்கப் பொன்வரியால் முடியவில்லை.

இயந்திரத்தின் சத்தம் ஒரு கணம் மாறியது. பிறகு பழையபடியே ஓடியது.

மனுப் போட்டவர் இனி வரப்போவதில்லை, தடையும் நீங்கப்போவதில்லை. குழந்தைகளே, அந்த இயந்திரம் இன்றும் ஓடிக்கொண்டுதான் இருக்கிறது.

நீதி: தன்னைக் காப்பவர்களைச் சட்டம் போட்டு விலக்கிவைப்பவனுக்கு, ஆபத்து வரும்போது அந்தச் சட்டமே எதிரி.