எட்னா நிறுத்திய இடம்

அமெரிக்காவில், கென்டக்கி மலைநாட்டில், கோரா ஹாஸ்கல் என்றொரு இசையமைப்பாளர் இருந்தார். மலைக்கிராமங்களில் வயலின்காரர்கள் வாசிப்பதையும் அடுப்படியில் பெண்கள் பாடுவதையும் கேட்டுவிட்டு வருவார். கேட்டதை வைத்து, ஒரு பெரிய இசைக்குழுவே உட்கார்ந்து வாசிக்கிற இசையை உண்டாக்குவார். அதைத் தாமே முன்னால் நின்று, கையில் சிறு கோலுடன் நடத்துவார். பேச்சு குறைவு. அவர் சொன்னது வீட்டுக்குப் போன பிறகுதான் வலிக்கும் என்பார்கள்.

அவருக்கு ஒரே ஒரு சீடர். சீடருக்குக் குருவைவிட வயது அதிகம் என்பதுதான் வேடிக்கை. கால்வின் ப்ரூயிட் என்று பெயர். பள்ளிக்கூடத்தில் பேண்ட் வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவர். வாழ்நாள் முழுக்கப் பிள்ளைகளைக் கால் மாறாமல் நடக்கவைத்தவர். ஐந்தில் வளையாதது ஐம்பதில் வளையுமா என்று ஊரார் சிரித்தார்கள். அவருக்கு அறுபதும் தாண்டியிருந்தது. சிரித்தவர்களில் பாதிப் பேர் அவரிடம் படித்தவர்கள், ஆகவே முதுகுக்குப் பின்னால் சிரித்தார்கள்.

கால்வின் இசையமைக்க வந்ததற்குக் காரணம் அவர் மனைவி எட்னா. அவள் இறந்து ஓராண்டு ஆகியிருந்தது. பாத்திரம் கழுவும்போது எட்னா ஒரு பாட்டுப் பாடுவாள், எப்போதும் அதே பாட்டு. அவள் பிறந்த மலை ஊரின் ஜெபக்கூடத்தில் பாடுகிற ஞானப்பாட்டு அது. அதை இசைக்குழு வாசித்து ஒரு தடவையாவது கேட்டுவிட வேண்டும் என்பது கால்வினின் ஆசை. எழுதி முடித்தார். வருகிற சனிக்கிழமைக் கச்சேரியில் கோராவின் குழு அதை வாசிப்பது என்று முடிவாயிற்று.

ஒத்திகையில் எல்லாம் சரியாக வந்தது. ஆனால் அது எட்னாவின் பாட்டாக இல்லை.

ஒவ்வொரு வரியின் முடிவிலும் அவள் ஒரு நிறுத்தம் விடுவாள். அதில்தான் கோளாறு என்று கால்வினுக்குத் தோன்றியது. தாளத்தில் இரண்டு எண்ணிக்கை விட்டுப் பார்த்தார். மூன்று விட்டுப் பார்த்தார். நாலரை விட்டபோது டிரம்பட்காரர் வாய்விட்டே சலித்துக்கொண்டார். தலைகீழாக நின்றும் அது வரவில்லை.

கோராவிடம் போனார்.

"மேடம், அந்த நிறுத்தத்துக்கு எத்தனை எண்ணிக்கை?"

"அவங்க எப்படிப் பாடுவாங்க?"

"ஒரு வரியைச் சட்டுனு பாடுவா. நிறுத்துவா. அப்புறம் அதே வரியை இழுத்து இழுத்துப் பாடுவா. அடுத்த வரி மறந்துபோச்சுன்னு நினைக்கிறேன். அதனால அந்த ரெண்டாவது தடவையை நான் வெட்டிட்டேன்."

"வெட்டிட்டீங்க."

"பிசகுதானே, மேடம்."

"நிறுத்தும்போது என்ன செய்வாங்க?"

"திரும்பி என்னைப் பார்ப்பா."

"நீங்க?"

"எண்ணிக்கை தப்புன்னு சொல்லுவேன். சிரிச்சுட்டுப் பாத்திரத்தைக் கழுவுவா."



"நாளைக்கு ஞாயிற்றுக்கிழமைதானே, வாத்தியாரே. காலையில தயாரா இருங்க."

எட்னா பிறந்த ஊருக்குப் போகும் பாதை வளைந்து வளைந்து ஏறியது. கால்வின் அங்கே போய்ப் பல காலம் ஆகிவிட்டது. கல்யாணமான நாளிலிருந்து எட்னாதான் கீழே, அவருடைய சர்ச்சுக்கு வந்துகொண்டிருந்தாள். அங்கே ஆர்கன் உண்டு. ஆர்கன் தொடங்கினால் எல்லோரும் ஒன்றாகத் தொடங்கி ஒன்றாக முடிப்பார்கள்.

மேலே இருந்த ஜெபக்கூடத்தில் ஆர்கன் இல்லை. பியானோவும் இல்லை. சபை மூப்பர் ஒருவர் எழுந்து ஒரு வரியைத் தனியாக, வேகமாகப் பாடினார். நிறுத்தினார். சபையார் அதே வரியை எடுத்து மெல்ல இழுத்துப் பாடினார்கள். ஒருவர் முந்தினார், ஒருவர் பிந்தினார். யாரும் யாரையும் திருத்தவில்லை. பாடி முடித்த பிறகு மூப்பர் அடுத்த வரியை எடுத்துக்கொடுத்தார்.

கால்வினின் கால் தானாகத் தாளம் போட்டது. பிடிபடாமல் நின்றுபோனது. வாத்தியார் புத்தி லேசில் விடுமா? நிறுத்தங்களை எண்ண ஆரம்பித்தார்.

அந்த வாரம் அந்தச் சபையில் ஒரு பெரியவர் இறந்திருந்தார். அவருக்குப் பிடித்த பாட்டை மூப்பர் தொடங்கினார். முதல் வரியை எடுத்துக்கொடுத்து நிறுத்தினார். யாரும் பாடவில்லை. முன் பெஞ்சில் இறந்தவரின் மனைவி முகத்தைக் கைக்குட்டையில் புதைத்திருந்தார். அவர் தொடங்கட்டும் என்று சபையே காத்திருந்தது. மூப்பர் அடுத்த வரிக்குப் போகவில்லை, செருமவும் இல்லை. சும்மா நின்றார். வெகுநேரம் கழித்து அந்தப் பெண்மணியின் குரல் உடைந்து எழுந்தது. அதன் பிறகு எல்லாக் குரல்களும் அவரோடு சேர்ந்தன.

வெளியே காருக்குப் பக்கத்தில் வந்ததும் கோரா கேட்டார்.

"எண்ணுனீங்களா?"

"எண்ணினேன். ஒவ்வொரு தடவையும் ஒவ்வொரு அளவா இருக்கு."

"கடைசிப் பாட்டுல?"

"அதை எண்ண முடியலை. அந்தம்மா எடுக்கிற வரைக்கும் அவர் நின்னுட்டே இருந்தார்."

"யாருமே எடுக்கலைன்னா?"

"எடுத்துக்கொடுத்தவரே திரும்பப் பாடி முடிக்க வேண்டியதுதான். வேற என்ன செய்ய..."

கால்வின் சொல்லி முடிக்கவில்லை. கார்க் கதவைப் பிடித்திருந்த கை அப்படியே நின்றது.

"அவ மறக்கலை," என்றார்.

கால்வின் கதவை விட்டுவிட்டுத் திரும்பினார்.

"கையெல்லாம் சோப்பு நுரையோட திரும்பிப் பார்ப்பா, மேடம். ஒவ்வொரு வரிக்கும் பார்ப்பா. நான் எண்ணிக்கிட்டு இருந்தேன். அவ என் பங்கையும் சேர்த்துப் பாடிட்டு..."

வயதான மனிதர் நடுத்தெருவில் அழுதார். பார்க்கவே கஷ்டமாக இருந்தது. அவரையும் முழுதாகக் குற்றம் சொல்ல முடியாது. ஆர்கன் சர்ச்சில் வளர்ந்தவருக்கு இது எப்படித் தெரியும்? எட்னாவாவது ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம். ஏன் சொல்லவில்லை என்று யாரைப் போய்க் கேட்பது?

"அந்தப் பாட்டு வேண்டாம், மேடம்," என்றார் கால்வின். "சனிக்கிழமை அதை எடுத்திருங்க. அவ இருந்தப்போ பாடாதவனுக்கு இப்ப எதுக்குக் கச்சேரி?"

"நீங்க எழுதின நோட்ஸை மட்டும் எங்கிட்டக் கொடுங்க. வெட்டுனதை நான் ஒட்டிக்கிறேன். ஒத்திகைக்கு ஒரு தடவை வந்துட்டுப் போங்க."

"எதுக்கு மேடம்?"

"சும்மா உட்காரத்தான்."

வெள்ளிக்கிழமை மாலை கால்வின் வந்தார். அரங்கின் கடைசி வரிசையில், தொப்பியைக் கழற்றி மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்தார். எழுந்து போக வசதியாக ஓரத்து நாற்காலியாகப் பார்த்துத்தான் உட்கார்ந்தார்.

கோரா கோலை உயர்த்தினார். ஒரே ஒரு செல்லோ முதல் வரியை வாசித்தது. வேகமாக, வீட்டு வேலைக்கு நடுவே பாடுகிற மாதிரி இருந்தது. கால்வின் நிமிர்ந்தார். இத்தனை மாதங்களில் அன்றுதான் அது எட்னா மாதிரி இருந்தது.

வரி முடிந்தது. கோரா கோலைக் கீழே இறக்கினார்.

வயலின்காரர்கள் வில்லைத் தந்தியின்மேல் வைத்தபடி இருந்தார்கள். டிரம்பட்காரர்கூடச் சலித்துக்கொள்ளவில்லை. எங்கோ ஒரு நாற்காலி முனகி அடங்கியது. கால்வினின் விரல் பழக்கதோஷத்தில் முழங்காலில் எண்ணத் தொடங்கியது. ஒன்று, இரண்டு, மூன்று. பிறகு அதுவும் நின்றது.

கோரா குழுவுக்கு முதுகைக் காட்டித் திரும்பி, காலி நாற்காலிகளுக்கு மேலாகக் கடைசி வரிசையைப் பார்த்தார். அவசரப்படாமல் பார்த்துக்கொண்டே இருந்தார்.

கால்வினால் தாங்க முடியவில்லை.

"எவ்வளவு நேரம் மேடம் இப்படியே நிப்பீங்க?"

"நீங்க பாடுற வரைக்கும், வாத்தியாரே."