வாசலில் கட்டிய முதல்

முன்னொரு காலத்தில், மூன்று வருடமாக மழை எட்டிப் பார்க்காத ஒரு நாட்டில், ராஜாவுக்குத் தன் பட்டத்து யானைக்குப் பொன்னில் முகபடாம் பூட்டிப் பார்க்கும் ஆசை வந்தது. ஆசைக்கு நேரம் காலம் ஏது? கருவூலத்தில் பொன் போதவில்லை. கிணறு வெட்டக் கடன் வாங்கிய குடியானவர்கள் தவணை தப்பி நிற்பதைக் கருவூலத் தலைவர் தாண்டவராயர் பக்குவமாக எடுத்துச் சொன்னார். நீதிசபை கூடியது. வாயில் போட்ட வெற்றிலை சிவக்கும் முன்பே, பாக்கி முழுவதையும் உடனே வசூலிக்கத் தீர்ப்பு வந்துவிட்டது.

யாரையும் சிரிக்க வைக்கும் விகடகவி சீராளனுக்கு அன்று சிரிப்பு வரவில்லை. போன மாதம் பாக்கி கேட்டு ஆள் போனதும், சடையாண்டி என்ற குடியானவன் தான் வெட்டிய வறண்ட கிணற்றிலேயே குதித்துச் செத்திருந்தான்.

"மகாராஜா, அந்தக் கிணறுகளில் பாறைதான் இருக்கிறது. ஒரு மழை வரை பொறுத்தருள வேண்டும்" என்றான்.

அவனைக் கண்டாலே தாண்டவராயருக்கு ஆகாது. "இவ்வளவு கரிசனமுள்ள சீராளரே வசூலுக்குப் பொறுப்பேற்கட்டும், பிரபு. தவறினால் நிலங்கள் கருவூலத்துக்கு. இவர் நாட்டு எல்லைக்கு அப்பால்."

யானை நினைப்பிலிருந்த ராஜா தலையை ஆட்டிவைத்தார்.

தாண்டவராயர் தம் கையாலேயே எழுதிய ஓலையோடு சீராளன் ஊருக்குப் போய், கூடியிருந்தவர்களிடம் வாசித்தான். 'கடன்பட்டோர் பௌர்ணமிக்குள் முதலை அரண்மனை வாசலில் கட்ட வேண்டும். கட்டாதோர் நிலம் பறிமுதல்.' சடையாண்டியின் மனைவி வீராயி முன்னால் வந்தாள்.

"நெலமும் போச்சுன்னா புள்ளைங்கள எங்க சாமி கொண்டுபோயி வைப்பேன்?"

சீராளன் அவள் முகத்தைப் பார்க்க முடியாமல் ஓலையையே திரும்பத் திரும்பப் படித்தான். சட்டென்று நிமிர்ந்தான்.

"உங்கள் ஏரியில் ஒரு முதலை உண்டே, உயிரோடு இருக்கிறதா?"

"சேத்துல கெடக்குது சாமி. அதுவும் பட்டினிதான்."

"கயிறு எடுத்து வாருங்கள்."

இறைக்கத் தண்ணீரில்லாமல் சும்மா கிடந்த கிணற்றுக் கயிறுகள் அன்றைக்கு வேலைக்கு வந்தன.

பௌர்ணமியன்று அரண்மனை வாசல் தூணில் எலும்பும் தோலுமாக ஒரு முதலை கட்டிக் கிடந்தது. பக்கத்தில் கடன்பட்டவர்கள் எல்லாரும் கைகட்டி நின்றார்கள். தாண்டவராயர் பதறிப்போய் ராஜாவை அழைத்துவந்தார்.

"சீராளா, என்ன இது?"

"தீர்ப்பை நிறைவேற்றியிருக்கிறேன், மகாராஜா. முதலை வாசலில் கட்டச் சொல்லி ஓலை. கட்டியாயிற்று. வந்து சேர்ந்ததென்று கருவூலத் தலைவர் எழுதிக் கொடுத்தால், பசியோடு வந்தவர்கள் வீடு திரும்புவார்கள்."

"அப்படியானால் வட்டி எங்கே?" என்று தாண்டவராயர் சீறினார்.

"இது பெண் முதலை, ஐயா. போட்டு வளர்த்தால் குட்டி போடும். முதலைப் பராமரிப்பது கருவூலத்தார் வேலை. இரை போடும்போது கை மட்டும் பத்திரம்."

முதலை வாயைப் பிளந்தது. தாண்டவராயர் ராஜாவின் முதுகுக்குப் பின்னால் போய் ஒளிந்தார். ராஜா வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். கண்ணில் நீர் வருமளவுக்குச் சிரித்துவிட்டு, எல்லாக் கடனையும் தள்ளுபடி செய்தார். முகபடாத்துக்குச் சேர்த்த பொன்னில் ஒரு முடிப்பைச் சீராளன் கையில் போட்டுவிட்டு, இன்னும் சிரித்தபடியே உள்ளே போனார்.

சீராளன் அந்த முடிப்பை அப்படியே வீராயியிடம் நீட்டினான். அவள் வாங்கவில்லை. ராஜா போன திசையையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"மகராசா இப்பச் சிரிச்ச சிரிப்ப போன மாசம் சிரிச்சிருந்தா, எங்க வீட்டுக்காரரு இருந்திருப்பாரு, சாமி."