அளவுத் தடியில் ஒரு புதுக் கோடு

வடக்கே வெகு தொலைவில், மரங்கள்கூடக் குட்டையாகவே வளரும் ஒரு பனிக்காட்டில், சாம்பலி என்றொரு பெண் கலைமான் இருந்தாள். நமக்கெல்லாம் வெயில் எப்போது தணியும் என்று ஏக்கம். அவளுக்கோ குளிர் எப்போது வரும் என்று ஏக்கம்.

ஏன் என்று கேட்கிறீர்களா? அவளுடைய மகன் மொட்டு, ஆற்றுக்கு அக்கரையில் இருந்தான்.

அந்தக் காட்டு மான்கள் குளிர்காலம் வந்ததும் உறைந்த ஆற்றின் மேல் நடந்து அக்கரைக்குப் போகும். அங்கே பனிக்கு அடியில் பாசி நிறையக் கிடைக்கும். வசந்தம் வருமுன் அதே வழியில் திரும்பிவிடும். போன முறை திரும்பும்போது மொட்டு, "இன்னும் ஒரே ஒரு வாய், அம்மா!" என்று பாசியைக் கடித்துக்கொண்டு பின்தங்கினான். கிழ மான்கள் சிலவும் அவனோடு மெதுவாக வந்தன. அந்த நேரம் பார்த்து, ஒரு மாதம் முன்னதாகவே, பனி படாரென்று பிளந்துவிட்டது. சாம்பலி இந்தப் பக்கம், மொட்டு அந்தப் பக்கம்.

நீந்திப் போகலாமே என்பீர்கள். கோடை முழுக்க உருகிய வெள்ளம் மரங்களையே உருட்டிக்கொண்டு போனது. வெள்ளம் வடிந்ததும் பனித் துண்டுகள் கத்தி கத்தியாக மிதந்து வந்தன. ஆறு முழுதாக உறைந்தால்தான் வழி. ஆனால் குளிரோ ஆண்டுக்கு ஆண்டு தள்ளித் தள்ளி வந்தது. வந்தாலும், வாசலோடு திரும்பிப் போகும் விருந்தாளி மாதிரி நிற்காமல் போனது.

சாம்பலி தினமும் கரையில் வந்து நிற்பாள். அக்கரையில் ஒரு சின்ன உருவமும் வந்து நிற்கும். காற்று இந்தப் பக்கம் வீசினால் "அம்மா!" என்ற குரல் கேட்கும். காற்று திரும்பிவிட்டால் அதுவும் இல்லை. அன்றைக்கு அவளுக்குத் தொண்டையில் ஒரு வாய்ப் பாசி இறங்காது.

ஆற்றைக் கடப்பதற்கு அங்கே ஒரு வழக்கம் இருந்தது. காட்டின் தலைவரான பனிக்கரடியார் ஆற்றோரப் பனியில் துளை போட்டு, அளவுத் தடியை உள்ளே விடுவார். அந்தத் தடியில் அவருடைய பாட்டனார் பல்லால் கடித்த ஒரு கோடு உண்டு. பனியின் தடிமன் அந்தக் கோடு வரை இருந்தால், "கடக்கலாம்!" என்று முழங்குவார். பிறகு சாம்பலி முதலில் இறங்கி, குளம்பால் தட்டிப் பார்த்துக்கொண்டே நடப்பாள். மந்தை அவள் பின்னால் போகும்.

அந்த ஆண்டு மூன்று தடவை தடியை விட்டுப் பார்த்தார்கள். மூன்று தடவையும் பனி, கோட்டுக்கு ஒரு சாண் கீழேயே நின்றுவிட்டது.

கரடியார் கூட்டம் கூட்டினார். "என் ஆட்சியில் மந்தை குறித்த நாளில் கடக்கும் என்று வாக்குக் கொடுத்திருக்கிறேன். இப்போது என் பேர் என்ன ஆவது?" என்றார்.

மந்திரியான வெள்ளை நரியார் தொண்டையைக் கனைத்தார். தலைவர் முகம் வாடினால் அவருக்குப் பொறுக்காது. தலைவர் தின்ற மீனின் மிச்சம்தானே அவருக்குச் சாப்பாடு!

"தலைவரே, பனியை மேலே ஏற்ற நம்மால் முடியாது. கோட்டைக் கீழே இறக்க முடியுமே!"

"அட! இது எனக்குத் தோன்றவில்லையே!"

கரடியார் தடியை வாயில் வைத்து நறுக்கென்று கடித்தார். பழைய கோட்டுக்கு ஒரு சாண் கீழே புதுக் கோடு விழுந்தது. தடியை மறுபடி துளையில் விட்டார்கள். பனி புதுக் கோட்டை அழகாகத் தொட்டு நின்றது. ஒரே ஆரவாரம்!

நரியார் பனியின் மேல் ஓடிப்போய்க் குதித்துக் காட்டினார். "பாருங்கள், கல்லு மாதிரி இருக்கிறது!"

அந்த நோஞ்சான் நரி குதித்தால் பனிக்கு என்ன வந்தது? அதை யாரும் கேட்கவில்லை.

"சம்மதம் என்பவர்கள் காலைத் தூக்குங்கள்!" என்றார் கரடியார்.

இந்தப் பனி தாங்காது என்று சாம்பலிக்குத் தெரியும். எத்தனையோ குளிர்காலங்கள் பனியைத் தட்டிப் பார்த்த குளம்பு அவளுடையது. ஆனாலும் முதலில் காலைத் தூக்கியவள் அவள்தான். பிள்ளையைப் பார்க்கும் ஆசை அவள் கண்ணை மறைத்துவிட்டது.

மறுநாள் காலை மந்தை கரையில் திரண்டது. சாம்பலி பனியைத் தட்டினாள். நல்ல பனி 'ணங்' என்று சொல்லும். இது 'தொப்' என்றது. 'மெதுவாக நடந்தால் தாங்கும்' என்று தனக்குத் தானே சொல்லிக்கொண்டு ஒரு காலை வைத்தாள். இன்னொரு காலையும் வைத்தாள். அடியில் கறுப்பாகத் தண்ணீர் ஓடுவது தெரிந்தது.

"அம்மா வருகிறாள்! அம்மா வருகிறாள்!"

அக்கரையில் மொட்டுவும் பனியில் கால் வைத்துவிட்டான்.

சாம்பலிக்கு உயிரே போய்விட்டது. "வராதே! மொட்டு, கரை ஏறு!" என்று கத்தினாள். காற்று எதிரே வீசியதால் அவனுக்குக் கேட்கவில்லை. அவள் திரும்பினால்தான் அவன் திரும்புவான். எட்டு மாதமாக யாரைப் பார்க்க ஏங்கினாளோ, அவனுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு அவள் திரும்பி நடந்தாள். கரை ஏறிய பிறகே பார்த்தாள். அவனும் காலை எடுத்துவிட்டு, தலையைத் தொங்கப் போட்டபடி நின்றான்.

"ஏன் திரும்பினாய்? கோடுதான் சரியாக இருக்கிறதே!" என்று கரடியார் உறுமினார்.

"கோடு சரி, தலைவரே. பனி சரியில்லை."

"கோடு சரியென்றால் பனியும் சரிதான்!" என்றார் நரியார்.

"அப்படியானால் இன்றைக்குத் தலைவரே முதலில் நடக்கட்டும். கோடு போட்டவர் அவர்தானே?"

கரடியார் நரியாரைப் பார்த்தார். நரியார் வானத்தைப் பார்த்தார். மந்தை முழுவதும் கரடியாரைப் பார்த்தது. வேறு வழியில்லாமல் அவர் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நான்கு அடி வைத்தார். ஐந்தாவது அடியில் 'மடார்' என்று ஒரு சத்தம். தலைவர் தண்ணீருக்குள்! பனிக்கரடிக்கு நீச்சல் தெரியும் என்பதால் உயிருக்கு ஒன்றும் ஆகவில்லை. மானம்தான் நனைந்துபோனது.

கரையேறி உடம்பை உதறியவரிடம் நரியார் மெல்ல, "தலைவரே, கோட்டை இன்னும் கொஞ்சம் இறக்கினால்..." என்று இழுத்தார்.

"வாயை மூடு!" என்றார் கரடியார். பிறகு சாம்பலி பக்கம் திரும்பினார். "நேற்று நீயும்தானே காலைத் தூக்கினாய்? அப்போது தெரியாதா?"

"தெரியும், தலைவரே. என் பிள்ளை அங்கே இருக்கிறான். பொய்யாக இருந்தாலும் நம்ப வேண்டும்போல் இருந்தது."

கரடியார் அவள் அருகே வந்தார். "இப்போது என்ன செய்யலாம்?" என்று கேட்டார்.

"மேலாற்றில், மலை நிழல் விழும் இடத்தில், ஆறு குறுகலாக இருக்கும். அங்கே பனி கெட்டியாக இருக்கும். பத்து நாள் நடை."

"வழியில் மேய ஒன்றுமே கிடைக்காதே!"

"இளைத்துப் போவோம். மூழ்கிப் போக மாட்டோம்."

கரடியார் அளவுத் தடியை எடுத்து அவளிடம் நீட்டினார். "பழைய கோட்டை மட்டும் பார். அதைப் பனி எங்கே தொடுகிறதோ, இனிமேல் அங்கேதான் மந்தை கடக்கும்" என்றார்.

சாம்பலி தடியைக் கவ்விக்கொண்டு ஆற்றோரமாக நடந்தாள். மந்தை பின்தொடர்ந்தது. சற்றுத் தூரம் போனதும் மனம் கேட்காமல் திரும்பிப் பார்த்தாள். மொட்டு அவளையே பார்த்துக்கொண்டு நின்றான். அவள் ஆற்றின் மேல்பக்கமாகத் தலையை ஆட்டினாள். புரிந்ததோ இல்லையோ, அவனும் அதே பக்கம் நடக்கத் தொடங்கினான்.

அவள் நின்றால் அவனும் நின்றான். அவள் நடந்தால் அவனும் நடந்தான். இந்தக் கரையில் அம்மா, அந்தக் கரையில் பிள்ளை. நடுவில் இருந்த ஆறு மட்டும் நாளுக்கு நாள் ஒடுங்கிக்கொண்டே வந்தது.

நீதி: அளவைக் குறைத்துக்கொண்டால் ஆபத்து குறைந்துவிடாது.