நாற்பத்திரண்டாம் நிமிடத்து இரைச்சல்

ஐப்பசி அடைமழையில், ஒரு ஞாயிற்றுக்கிழமை பிற்பகல் மூன்று மணிக்கு, கடை மேசையொன்றின் மீது இரண்டு குறுந்தட்டுகள் சந்தித்தன. இரண்டிலும் ஒரே சாகசப் படம். ஒன்றில் கீறல்கள் நிறைந்திருந்தன. மற்றொன்று படமும் சத்தமும் துலக்கப்பட்ட புதுப் பதிப்பு; அன்றுதான் உறை பிரிக்கப்பட்டது.

"பழசைக் குடுத்தா இருபது ரூபா கழிச்சுக்கலாம்க்கா" என்றார் கடைக்காரர் காதர். இன்பவல்லி தலையசைத்தாள். புதியது அவள் அம்மாவுக்குத் தீபாவளிப் பரிசு.

புதிய தட்டில் ஒளியும் ஒலியும் குடியிருந்தன.

"பெரியவரே, உம் முகத்தில் எத்தனை கோடுகள்!" என்றது ஒளி. "என்னிடம் மலையின் ஒவ்வோர் இலையையும் எண்ணலாம்."

"எண்ணட்டும்," என்றது பழைய தட்டு. "நாற்பத்திரண்டாம் நிமிடத்தில் கதாநாயகன் பள்ளத்தாக்கைத் தாண்டுவான். அவனுக்காகக் குதித்தவர் சண்டைக் கலைஞர் கோதண்டம். இந்தப் பெண்ணின் அப்பா. குதித்தவர் எழவில்லை. படத்தில் அவர் முதுகு மட்டுமே தெரியும். குதிக்குமுன் 'ரெடி மாஸ்டர்' என்றார். அது முரசொலிக்கு அடியில் மெல்லக் கேட்கும். அவர் குரல் வேறெங்கும் இல்லை. உங்களிடம் இருக்கிறதா?"

"அந்த இரைச்சலா? முதல் வேலையாக அதைத்தான் துடைத்தேன்," என்று சிரித்தது ஒலி. எதைத் துடைக்கிறோம் என்று அது கேட்டுக்கொண்டதில்லை.

அன்று மாலை இன்பவல்லியின் அம்மா செங்கமலம் தொலைக்காட்சிக்கு அருகில் அமர்ந்தாள். நாற்பத்திரண்டாம் நிமிடம் நெருங்கியதும் கண்களை மூடி, காதை ஒலிபெருக்கியோடு ஒட்டி வைத்தாள்.

"ஏன் கண்ணை மூடுகிறாள்? நான் இத்தனை அழகாக நிற்கிறேனே!" என்று பதறியது ஒளி.

"அவள் உன்னைப் பார்க்க வரவில்லை," என்றது ஒலி. இப்போது அது சிரிக்கவில்லை.

முரசு தெளிவாக முழங்கியது. அதற்கு அடியில் ஒன்றுமில்லை.

"இன்னொரு தரம் போடுடி."

மூன்று தரம் போட்டாயிற்று.

"ஏம்மா, சத்தம் சுத்தமாத்தானே இருக்கு?"

"சுத்தமாத்தான் இருக்கு. உங்கப்பா எங்கடி?"

"அதோ, குதிக்கிறாரே!"

"அது முதுகுடி. பேசுவாரே, அவரு எங்க?"

ஒளி தன் இலைகளையெல்லாம் காட்டிக்கொண்டே நின்றது. ஒலி மறுபடியும் முரசையே முழக்கியது.

திங்கள் காலை இன்பவல்லி ஐந்நூறு ரூபாயோடு கடைக்கு ஓடினாள். கிளிகளை விரட்டுவதற்காகக் காதர் பழைய தட்டின் விளிம்போரம் ஆணியால் துளையிட்டு, கொல்லைக் கொய்யா மரத்தில் கட்டியிருந்தார். "இது இனிமே ஓடாதுக்கா" என்று அவர் அந்த ஐந்நூறை வாங்க மறுத்தார். முதல் நாள் கழித்துக்கொண்ட இருபது ரூபாயை மேசைமேல் வைத்துவிட்டு, ஈரத்தட்டை முந்தானையில் துடைத்தபடி இன்பவல்லி வீட்டுக்கு நடந்தாள்.