பெட்டி செய்யாத ஒரு வேலை

மாயவரத்தில் ரேடியோ ரிப்பேர் கடை வைத்திருந்த கோதண்டபாணி, தம்புரா மாதிரியே விடாமல் சுருதி போடும் மின்சாரப் பெட்டி ஒன்றைச் செய்தான். ஊரில் ஒருத்தரும் சீண்டவில்லை. கடைசியில் மகாவித்துவான் அமிர்தகடேச பாகவதரிடம் கொண்டுபோனான். அவர் வெற்றிலையை மென்றபடி சிரித்தார்.

"என் தம்புராக்காரன் செய்யறதையெல்லாம் இது செய்யுமாடா? செய்யலேன்னா கோயில் குளத்துல தூக்கிப் போட்டுடுவேன்."

"ஒண்ணே ஒண்ணு மட்டும் செய்யாதுங்க. அது என்னன்னு மேடையில உங்களுக்கே தெரிஞ்சுடும்."

அதையும் பார்த்துவிடலாம் என்று, அன்று சாயங்காலக் கச்சேரியில் தம்புராக்காரரின் இடத்தில் பெட்டியை வைக்கச் சொன்னார் பாகவதர்.

மேல் ஸ்தாயியில் நிற்கும்போது அவர் குரல் சுருதியை விட்டு லேசாக விலகியது. அப்படி விலகும்போதெல்லாம் திரும்பித் தம்புராக்காரரை முறைப்பது அவர் வழக்கம். அந்த மனுஷனும் தலையைக் குனிந்துகொண்டு, சரியாக இருக்கிற தந்தியையே திருகுவார். சபையும் அவரைத்தான் திட்டும்.

இன்றும் பாகவதர் திரும்பி முறைத்தார். பெட்டியின் சிவப்பு விளக்கு அதுபாட்டுக்கு எரிந்தது. சுருதி மயிரிழைகூட நகரவில்லை. திட்ட வேறு ஆள் இல்லாமல் சபை பாகவதரையே பார்த்தது.

பாகவதர் கண்ணை மூடினார். குரலை மெல்ல மெல்ல நகர்த்தி அந்தச் சுருதியில் கொண்டு சேர்த்தார். சேர்ந்த கணத்தில் பெட்டி எது, தொண்டை எது என்று பிரிக்க முடியவில்லை. தான் செய்த பெட்டிதானா இது என்று கோதண்டபாணிக்கே சந்தேகம் வந்தது.

கச்சேரி முடிந்ததும் பாகவதர் பெட்டியை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். கோதண்டபாணி எதிரே வந்து கைகட்டி நின்றான். "குளத்துல போட்டுடலாங்களா?"

"என் தப்பை இது வாங்கிக்காதுன்னு முன்னாடியே சொல்லித் தொலைச்சிருக்கலாமேடா" என்றார் பாகவதர். பெட்டியை மட்டும் மடியிலிருந்து இறக்கவில்லை.