கோமகன் நட்ட ஈட்டி

நிலம் கீழேயும் கடல் மேலேயும் இருந்த ஒரு நாட்டில், உங்கள் பாட்டனுக்குப் பாட்டன் பிறப்பதற்கும் முன்னால், ஒரு கோமகன் இருந்தார். ஏன் சிரிக்கிறீர்கள்? கடல் எப்படி மேலே இருக்கும் என்றுதானே? ஜெர்மானிய தேசத்தின் வடகோடியில் அந்தச் சீமை அப்படித்தான். ஊர் தாழ்ந்து கிடக்கும், கடல் பொங்கி நிற்கும், இரண்டுக்கும் நடுவே ஒரு மண்கரை. அந்தக் கரை உடைந்தால் ஊர் போச்சு, அவ்வளவுதான்.

கோமகன் என்றால் அரசருக்கு ஒரு படி கீழே, மற்ற எல்லோருக்கும் நூறு படி மேலே என்று வைத்துக்கொள்ளுங்கள். இந்தக் கோமகனின் பெயர் ஹின்ரிக். குடியிருந்தது நாரைக்கோட்டையில். அதற்கு மூன்று கோபுரம், மூன்று அகழி, மூன்று வாசல். நாற்பது அறை, நாற்பது இறகு மெத்தை.

கோட்டை மண்டபத்தில் ஒரு தங்க ஈட்டி தொங்கியது. காம்பு முழுக்கப் பொன் தகடு. அலகை வெல்வெட் துணியில் பொதிந்து தைத்திருந்தார்கள். அந்தத் தையலைப் பிரித்து உள்ளே பார்த்தவர் உயிரோடு யாரும் இல்லை. குலத்தின் முதல் மூதாதை வுல்ஃப், அந்த ஈட்டியால் ஒரு கடல்நாகத்தைக் குத்திக் கொன்றாராம். அதற்காகத்தான் இந்தச் சீமையை அரசர் எழுதிக் கொடுத்தாராம். கோட்டை வாசலிலும் அதே ஈட்டியைக் கல்லில் செதுக்கிக் கனமாகத் தங்கம் அப்பியிருந்தார்கள்.

இப்போது அந்தச் சீமையின் வழக்கம் ஒன்றைச் சொல்கிறேன், காதில் வாங்கிக்கொள்ளுங்கள். நம் பக்கத்தில் ஏரிக்கரைக்கு ஊரே கூடிக் குடிமராமத்து செய்வோமே, அதுபோல அங்கே கடல்கரைக்கு. நிலம் எவ்வளவோ, கரையில் பங்கும் அவ்வளவு. குடியானவனுக்கு மூன்று தப்படி, பண்ணைக்காரனுக்கு முப்பது தப்படி, கோமகனுக்கு முந்நூறு தப்படி. அவரவர் பங்கை அவரவர்தான் காக்க வேண்டும்.

காக்க முடியாதவன் என்ன செய்வான்? தன் மண்வெட்டியைத் தன் பங்குக் கரையில் நட்டுவிட்டுப் போய்விடுவான். அந்த ஊர் மண்வெட்டி நம்முடையதைப் போல வளைந்திருக்காது. காம்பும் அலகும் ஒரே நேராக இருக்கும், குத்தினால் அப்படியே நிற்கும். நட்டவனுக்கு அந்த நொடியிலிருந்து வீடும் இல்லை, நிலமும் இல்லை. அதை எந்தக் கை பிடுங்குகிறதோ அந்தக் கைக்கே வீடு, நிலம், கரைப்பங்கு எல்லாம். பிடுங்கியவன் அதே மண்வெட்டியால் மூன்று கூடை மண் அங்கேயே வெட்டிப் போட வேண்டும். போட்டால் வழக்கு முடிந்தது, அரசரே வந்தாலும் அதை மாற்ற முடியாது.

ஹின்ரிக்கின் தகப்பனார் ஒவ்வொரு இலையுதிர்காலத்திலும் தம் ஆட்களோடு கரைக்குப் போவார். முதல் மூன்று கூடையைத் தம் கையால் போடுவார். ஆனால் மகனை ஏழு வயதிலேயே உள்நாட்டில் இருந்த மாமன் அரண்மனைக்கு அனுப்பிவிட்டார். பையன் அங்கே நடனம் கற்றான், வல்லூறு பறக்கவிடக் கற்றான், வெள்ளைத் தோல் கையுறையைக் கழற்றாமல் சாப்பிடவும் கற்றான். கரையைப் பற்றி மட்டும் ஒருவரும் சொல்லித் தரவில்லை. தகப்பன் கண்ணை மூடியதும் ஊருக்கு வந்து கோமகன் ஆனார்.

முதல் வருஷம் கரைக்காவலர் டெட்லெஃப் கோட்டைக்கு வந்தார். கரை முழுவதற்கும் பொறுப்பு அவருடையது. "பிரபுவே, உங்க பங்குல நண்டு வளை வச்சிருக்கு. மண்ணு போடணும்," என்றார். வல்லூறு வேட்டை முடியட்டும் என்றார் ஹின்ரிக்.

இரண்டாம் வருஷமும் வந்தார். "பிரபுவே, உங்க பங்குல விரிசல் விட்டிருக்கு. கை நுழையுது." மாமன் மகள் கல்யாணம் முடியட்டும் என்றார் ஹின்ரிக்.

மூன்றாம் வருஷம் டெட்லெஃப் தொப்பியைக் கழற்றக்கூட மறந்துவிட்டார். "பிரபுவே, விரிசல்ல ஆளே நுழையலாம். இந்தப் பருவம் தாங்காது. உங்க அப்பா மாதிரி நீங்களும் வந்து மூணு கூடை போட்டாத்தான் மத்தவன் கையும் எழும்."

கோமகனுக்குத் தூக்கிவாரிப் போட்டது. மண்ணா? நானா? சாமியே கூடையில் மண் சுமந்த கதை நம்மிடம் உண்டு. இவருக்கு அந்தக் கதை தெரியாது, பாவம். ஊருக்கே ஒரு பாடம் புகட்டுகிறேன் பார் என்று மண்டபத்திலிருந்த தங்க ஈட்டியை எடுத்துக்கொண்டு, குதிரையேறிக் கரைக்குப் போனார். பின்னாலேயே ஊரும் போனது.

"கேளுங்கள்!" என்று கூவினார். "கடல்நாகத்தைக் கொன்ற ஈட்டி இது. என் பங்கை இதுவே காவல் காக்கும். இதைத் தாண்டி வரக் கடலுக்குத் துணிச்சல் இருக்கிறதா, பார்ப்போம்!"

டெட்லெஃபின் முகம் வெளுத்துவிட்டது. "பிரபுவே, வேணாம்! அதை மட்டும் நட்டுடாதீங்க! அது ஈட்டி இல்ல, அது வந்து..."

"வாயை மூடு!"

"பிரபுவே, ஒரு வார்த்தை..."

"மூடு என்றேன்!"

ஹின்ரிக் குதிரையிலிருந்தபடியே குனிந்து, வெல்வெட் உறையோடு சேர்த்து, கரை உச்சியில் ஓங்கிக் குத்தினார். அது நேராக நின்றது. ஒரு கிழவர் சிலுவைக் குறி போட்டுக்கொண்டார். ஒருத்தி வாயைப் பொத்திக்கொண்டாள். பயந்துவிட்டார்கள் என்று கோமகனுக்கு உள்ளூரக் குளிர்ந்தது. அடப்பாவி மனுஷா! உன் வீட்டை நீயே ஊரார் முன்னால் கைகழுவிவிட்டாயே!

இரண்டு நாள் அது அப்படியே நின்றது. கோட்டைக்கு எல்லோரும் ஆசைப்பட்டார்கள், மூன்று வருஷம் கவனிக்காத முந்நூறு தப்படிக்கு ஒருவரும் ஆசைப்படவில்லை. கோமகன் மேல் பயம் வேறு. கரைக்கு வருவார்கள், பார்ப்பார்கள், போய்விடுவார்கள்.

மூன்றாம் நாள் காலையில் வடமேற்குக் காற்று எழுந்தது. ஹின்ரிக் விலாங்கு மீன் சூப்பைக் கரண்டியால் கலக்கிக்கொண்டு உணவு மேசையில் இருந்தார். கதவு தடாலென்று திறந்தது. உள்ளே வந்தவள் வாத்து மேய்க்கும் கேஷே.

கரைக்குப் பின்னால், கோமகன் பங்குக்கு நேர் கீழே, அவளுக்கு ஒரு குடிசையும் அறுபது வாத்தும் உண்டு. கோட்டை மெத்தைகளுக்கெல்லாம் இறகு கொடுத்தவள் அவள்தான். புருஷனை முந்தைய வெள்ளத்தில் பறிகொடுத்தவள். இடுப்பு வரை சேறு. கையில் தங்க ஈட்டி. வெல்வெட் கிழிந்து தொங்கியது. உள்ளேயிருந்து எட்டிப் பார்த்தது அகலமான மர அலகு, நுனியில் துருப்பிடித்த இரும்புப் பட்டை.

ஈட்டி இல்லை, மண்வெட்டி. நூறு வருஷமாகக் குலமே கும்பிட்டது ஒரு மண்வெட்டியை. ஹின்ரிக்கின் கரண்டி சூப்புக்குள் விழுந்தது.

கேஷே அவரைத் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. வேலைக்காரர்களைப் பார்த்துக் கத்தினாள். "கரை பிச்சுக்கிச்சு! நாப்பது மெத்தையையும் கிழிங்க. இறகைக் கொட்டிட்டு உறையைக் கொண்டாங்க. ரோஜாத் தோட்டத்து மண்ணை அள்ளி அதுல ரொப்புங்க. ஓடுங்க!"

"இவளைப் பிடியுங்கள்!" என்று கத்தினார் ஹின்ரிக்.

யாரும் அசையவில்லை. எல்லோரும் வாசலில் நின்ற டெட்லெஃபைப் பார்த்தார்கள். அவர் மெதுவாகச் சொன்னார். "மூணு நாள் முன்னாடி பிரபு தன் கையால நட்டாரு. இந்தம்மா இப்ப புடுங்குச்சு, மூணு கூடையும் போட்டுச்சு. ஊரே சாட்சி. இனி கோட்டை இந்தம்மாவோடது."

மூன்று வருஷமாக அவருக்குச் செருப்பு மாட்டிவிட்ட ஆள் முதல் ஆளாக மாடிக்கு ஓடினான். சமையற்காரி ஓடினாள், குதிரைக்காரன் ஓடினான். ஹின்ரிக்கின் சொந்த மெத்தை அவர் கண் முன்னாலேயே படியில் உருண்டு இறங்கியது. மூன்று கோபுரத்து ஜன்னல்களிலிருந்தும் இறகுகள் கொட்டின, காற்று அவற்றை வாரிக்கொண்டு போயிற்று. அன்றைக்கு ஊர் முழுக்க வெள்ளை இறகு. கோமகன் மேசையைப் பிடித்தபடி நின்றார், உட்காரவும் தோன்றவில்லை.

மண் திணித்த நாற்பது உறை, ஒன்றன்மேல் ஒன்றாக உடைப்பில் விழுந்தது. முப்பதுக்கும் அடங்கவில்லை. முப்பத்தைந்துக்கும் அடங்கவில்லை. நாற்பதாவதில் தண்ணீர் நின்றது. ஊரில் ஓர் உயிர் போகவில்லை.

மறுநாள் காலையில் ஹின்ரிக் குதிரையேறிக் கரைக்குப் போனார். முந்தின நாள் அதிர்ச்சி கோபமாக மாறியிருந்தது. "என் கோட்டையை இவளுக்குக் கொடுத்தது யார்?"

"நீங்கதான், பிரபுவே," என்றார் டெட்லெஃப்.

"என் மூதாதை வுல்ஃப் கடல்நாகத்தைக் கொன்று வாங்கிய கோட்டை அது!"

"வுல்ஃப் விலாங்கு புடிக்கிறவரு, பிரபுவே. இதே எடத்துல ஒரு பண்ணைக்காரன் நட்டுட்டுப் போன மண்வெட்டி இது. வெள்ளம் வந்த அன்னிக்கு அவருதான் புடுங்குனாரு. உங்க குலம் அன்னிக்குத்தான் ஆரம்பிச்சுது. தங்கம் பூசுனது அவரு பேரன். ஊருல எல்லாருக்கும் தெரிஞ்ச கதைதான் இது."

விலாங்கு பிடிக்கிறவன்! தலையில் இடி இறங்கிய மாதிரி இருந்தது ஹின்ரிக்குக்கு.

அப்போது கேஷே ஒன்று செய்தாள். மண்வெட்டியைக் கொண்டு வந்து மறுபடி கரையிலேயே நட்டாள். "எனக்கு எதுக்குங்க நாப்பது ரூமு? என் வாத்துக்குக் குட்டை ஒண்ணு போதும். நீங்களே புடுங்கிக்கங்க. மூணு கூடை போட்டுட்டு வீட்டுக்குப் போங்க. நானும் போய் என் குடிசையைப் பாக்கறேன்."

இப்படி ஒரு மனுஷி எங்கேயாவது உண்டா? கிடைத்த கோட்டையைத் திருப்பிக் கொடுக்கிறாள்! ஹின்ரிக்கின் உயிர் திரும்பி வந்தது. பின்னால் நின்ற செருப்பு மாட்டும் ஆளைப் பார்த்து, "பிடுங்கடா அதை. மூன்று கூடை போடு," என்றார்.

ஆள் கையை நீட்டினான்.

"புடுங்கட்டும், பிரபுவே," என்றார் டெட்லெஃப். "ஆனா எந்தக் கை புடுங்குதோ அந்தக் கைக்குத்தான் கோட்டை."

"நிறுத்து!" ஹின்ரிக் அலறியதில் குதிரை மிரண்டது. ஆள் கையை இழுத்துக்கொண்டான், கொஞ்சம் வருத்தத்தோடுதான்.

இனி வேறு வழியில்லை. அவரேதான் இறங்க வேண்டும். கீழே முழங்கால் ஆழச் சேறு. கையில் வெள்ளைக் கையுறை. சுற்றி ஊரே நிற்கிறது. மூன்றே கூடை. ஒரு காலை இறக்கினார், பூட்ஸ் நுனியில் சேறு பட்டது. மாமன் அரண்மனையில் நாளைக்கு என்ன பேசுவார்கள்? நாரைக்கோட்டைக் கோமகன் வாத்துக்காரி முன்னால் மண் சுமந்தான் என்றல்லவா சிரிப்பார்கள்? காலை மேலே இழுத்துக்கொண்டார்.

"நாளைக்கு வருகிறேன்," என்றார்.

"கடல் நாளைக்குன்னு காத்திருக்காது, பிரபுவே."

கேஷே அவர் முகத்தை ஒரு தரம் பார்த்தாள், பிறகு ஏறி வரும் தண்ணீரைப் பார்த்தாள். மண்வெட்டியைப் பிடுங்கினாள். ஒரு கூடை, இரண்டு கூடை, மூன்று கூடை. ஊர் ஆளுக்கொரு கூடையோடு அவள் பின்னால் இறங்கியது. கோமகன் குதிரையைத் திருப்பினார்.

மூன்று நாள் பயணம் செய்து மாமன் அரண்மனைக்குப் போய்ச் சேர்ந்தார். அங்கே விருந்து நடந்துகொண்டிருந்தது. "வா மாப்பிள்ளை, கோட்டையை யாரிடம் விட்டுவிட்டு வந்தாய்?" என்று கேட்டார் மாமன்.

"போய்விட்டது, மாமா. ஒரு வாத்துக்காரியிடம்."

"ஐயோ! யுத்தமா?"

"இல்லை."

"சூதாட்டமா?"

"இல்லை."

"பின்னே எதற்காகப் போயிற்று?"

ஹின்ரிக் தம் கையுறையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "மூன்று கூடை மண்ணுக்காக."

மாமன் சிரித்தார், அத்தை சிரித்தாள், தட்டு ஏந்தியவர்கள்கூடச் சிரித்தார்கள். எந்தச் சிரிப்புக்குப் பயந்து அவர் சேற்றில் கால் வைக்கவில்லையோ, அதே சிரிப்பு.

நாரைக்கோட்டை வாசலில் இருந்த கல் ஈட்டியின் தங்கத்தைக் கேஷே சுரண்டச் சொன்னாள். உள்ளே இருந்தது மண்வெட்டி.

கேட்டீர்களா, இதுதான் நீதி: கரையைக் காக்கிற கைக்கே கோட்டை சொந்தம், கூடை சுமக்க வெட்கப்படுகிறவனுக்குக் குலப்பெருமை துணைக்கு வராது.